முதுகில் குத்தியவனுக்கும் ரயிலில் இடம்

அந்த இசைத்தட்டை ஃபிலடெல்ஃபியாவில் ஒரு பழைய ரெக்கார்டு கடையில் ஆறு டாலருக்கு வாங்கினேன். அட்டையின் ஓரம் ஈரம் பட்டு உப்பியிருந்தது. தட்டை உருவி எடுத்து ஜன்னல் வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தபோது ஒன்று கண்ணில் பட்டது. முதல் பக்கத்தில் இரண்டாவது பாட்டு இருக்கும் வளையமும், இரண்டாம் பக்கத்தில் கடைசிப் பாட்டு இருக்கும் வளையமும் மட்டும் மற்ற இடங்களைவிட வெளிறிக் கிடந்தன. எனக்கு முன்னால் அதை வைத்திருந்தவர் யாரோ, அந்த இரண்டு பாட்டையும் தேயத் தேயக் கேட்டிருக்கிறார்.

ஓஜேஸ் என்ற அமெரிக்கக் கறுப்பினப் பாடகர் குழுவின் 'பேக் ஸ்டாபர்ஸ்' என்ற ஆல்பம் அது. 1972இல் வந்தது. முதுகில் குத்துகிறவர்கள் என்று பெயர். முதல் பக்கத்தில் வெளிறியிருந்தது அதே பெயர்கொண்ட பாட்டு. இரண்டாம் பக்கத்தில் வெளிறியிருந்தது 'லவ் ட்ரெயின்', அன்பு ரயில். ஒரு பாட்டு, பக்கத்தில் நின்று சிரிப்பவனை நம்பாதே என்கிறது. இன்னொரு பாட்டு, உலகத்தில் உள்ள அத்தனை பேரும் கைகோத்துக்கொண்டு ஏறுங்கள் என்கிறது. இரண்டையும் பாடியவர்கள் அதே மூன்று பேர். நான் தட்டை வாங்கிய நாட்களில் எனக்கு முதல் பாட்டு மட்டும்தான் வேண்டியிருந்தது.

காரணம் இருந்தது. ஊரில் நானும் என் நண்பன் ஒருவனும் சேர்ந்து ஒரு சின்னத் தொழில் நடத்தினோம். வீட்டுக்கு வருவான், அம்மா கையால் சாப்பிடுவான், என் தங்கை கல்யாணத்தில் பந்தி பரிமாறினான். எங்கள் வாடிக்கையாளர்களை ஒவ்வொருவராகத் தன் பெயருக்கு மாற்றிக்கொண்டிருந்தது ஒன்றரை வருடம் கழித்துத்தான் எனக்குத் தெரிந்தது. பணம் போனதுகூடப் பெரிதாகத் தெரியவில்லை. அந்த ஒன்றரை வருடமும் அவன் எப்படிச் சிரித்தான் என்பதுதான் தூங்கவிடாமல் செய்தது. அப்புறம் தொழிலை மூடிவிட்டு ஒரு வேலை தேடிக்கொண்டு அமெரிக்கா போனேன். ஃபிலடெல்ஃபியாவில் மூன்று வருடம் இருந்தேன்.

அந்தப் பாட்டை முதலில் ஒரு டாக்ஸியில் கேட்டேன். பியானோவின் அடிக்கட்டைகள் உருளத் தொடங்குகின்றன, எங்கோ தொலைவில் மழைக்கு முன்னால் வானம் உறுமுவதுபோல. வாசிப்பவர் லியோன் ஹஃப். உறுமல் மெல்ல மேலே வருகிறது, பிறகு படியிறங்குவதுபோல ஒரு துண்டு, அதற்குள் கோங்கா மேளமும் கிதாரும் சேர்ந்துகொள்கின்றன. லத்தீன் நடையில் இடுப்பை ஆட்டவைக்கும் தாளம். மேலே வயலின்கள் கூட்டமாக எழுகின்றன. இவ்வளவு அழகான தொடக்கத்துக்கு அப்புறம் என்ன வரப்போகிறது என்று காத்திருந்தால், மூன்று குரலும் ஒன்றாகச் சேர்ந்து, முகத்துக்கு நேரே சிரிக்கிறார்கள், ஆனால் உன் இடத்துக்கு வரத்தான் எந்நேரமும் பார்க்கிறார்கள் என்று பாடுகின்றன. நம் பாட்டுகளில் போலவே பல்லவிதான் முதலில். பல்லவியைச் சொல்லி முடித்த பிறகுதான் குழுவின் முதன்மைப் பாடகர் எடி லெவர்ட் தனியாகச் சரணத்துக்கு வருகிறார்.

சரணத்தில் இருப்பது பெரிய தத்துவம் எதுவும் கிடையாது. வீட்டு விவகாரம்தான். நண்பர்கள் வீட்டுக்கு வருகிறார்கள், வந்த இடத்தில் வீட்டுக்காரனின் துணையின் மேல் கண் வைக்கிறார்கள். அவர்கள் கையில் இறுகப் பிடித்த கத்தி இருக்கிறது, அது உன் முதுகைக் குறி வைக்கிறது. சிரித்துக்கொண்டே கழுத்தறுப்பது, கூடவே இருந்து குழி பறிப்பது என்று நாம் சொல்வோமே, அதுவேதான். கேட்டுக்கொண்டிருந்தபோது என் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் அந்த நண்பன் உட்கார்ந்திருந்தது அப்படியே கண்முன் வந்தது.

இந்தப் பாட்டில் என்னைக் கட்டிப்போட்டது இன்னொன்று. துரோகத்தைப் பற்றிய பாட்டு அழுகையாக இருக்கும், அல்லது கத்தலாக இருக்கும். இது ஆடவைக்கிறது. தாம் பெல் செய்த இசைக்கோவை அவ்வளவு நேர்த்தி. குத்துகிறவன் அணிந்திருக்கும் நல்ல சட்டை மாதிரி அந்த இசை மினுங்குகிறது. இனிமையான இசைக்குள் கத்தி. பாட்டின் பொருளே அதுதானே.

எழுதியவர்கள் மூன்று பேர்: ஹஃப், ஜீன் மெக்ஃபேடன், ஜான் வைட்ஹெட். மெக்ஃபேடனும் வைட்ஹெட்டும் அப்போது இளைஞர்கள். 1972 கோடையில் வந்த அந்தப் பாட்டு, கறுப்பின இசைக்கான ஆர் அண்ட் பி பட்டியலில் முதலிடத்துக்கும் பொதுப் பட்டியலில் மூன்றாம் இடத்துக்கும் போனது. ஆல்பம் முதல் பத்துக்குள் நுழைந்தது. அதுவரை ஓஜேஸுக்கு அந்த மாதிரி எதுவும் நடந்ததில்லை.

அவர்கள் பாடத் தொடங்கி அதற்குள் பதினான்கு வருடம் ஆகியிருந்தது. இதை அவசரமாகக் கடந்துபோக எனக்கு மனம் வரவில்லை.

ஒஹையோ மாநிலத்தில் கேன்டன் என்று ஓர் உருக்காலை ஊர். 1958இல் அங்கே மெக்கின்லி உயர்நிலைப் பள்ளிப் பையன்கள் ஐந்து பேர் சேர்ந்து குழு தொடங்கினார்கள். எடி லெவர்ட், வால்டர் வில்லியம்ஸ், வில்லியம் பவல், பாபி மாஸி, பில் ஐல்ஸ். லெவர்ட் பிறந்தது தெற்கே அலபாமாவில் பெஸ்ஸமர் என்ற ஊரில். அதுவும் இரும்பு ஊர்தான். இருபதாம் நூற்றாண்டில் தெற்கிலிருந்து பிழைப்புக்காகவும், அங்கே நடந்த கொடுமைகளிலிருந்து தப்பவும் வடக்கே போன லட்சக்கணக்கான கறுப்பினக் குடும்பங்களில் லெவர்ட் குடும்பமும் ஒன்று. ஓர் உலையூரிலிருந்து இன்னோர் உலையூருக்கு. லெவர்டும் வில்லியம்ஸும் சிறுவயதிலேயே தேவாலயப் பாட்டுகளை ஜோடியாகப் பாடியவர்கள். இந்த ஆல்பத்தில் ஒருவர் வரியை மற்றவர் வாங்கிக்கொள்ளும் இடங்களைக் கேட்டால் அந்தப் பழக்கம் தெரியும். லெவர்டின் குரல் சொரசொரப்பானது, தொண்டையைக் கிழித்துக்கொண்டு வரும். வில்லியம்ஸின் குரல் வழவழப்பு. லெவர்ட் கொதித்துக்கொண்டிருக்கும்போது வில்லியம்ஸ் தோளில் கை வைப்பதுபோல வந்து சேர்வார். பவல் இருவருக்கும் நடுவில் நின்று சுருதியைக் கட்டிக் காப்பார்.

முதலில் ட்ரையம்ஃப்ஸ் என்று பெயர், அப்புறம் மாஸ்காட்ஸ். கிளீவ்லாந்து வானொலியில் எடி ஓஜே என்றோர் அறிவிப்பாளர் இருந்தார். தங்களுக்குக் கைகொடுத்த அவருடைய பெயரையே பிறகு குழுவுக்கு வைத்துக்கொண்டார்கள். ஒரு ரெக்கார்டு கம்பெனி, அப்புறம் இன்னொரு கம்பெனி என்று மாறிக்கொண்டே இருந்தார்கள். சில பாட்டுகள் கொஞ்சம் ஓடின. 1960களின் நடுவில் ஐல்ஸ் போனார், 70களின் தொடக்கத்தில் மாஸியும் விலகினார். ஐந்து பேர் மூன்று பேரானார்கள். நம்பி இருந்த நெப்டியூன் என்ற சிறு நிறுவனமும் மூடப்பட்டது. முதுகில் குத்துவது பற்றிப் பாடும்போது லெவர்டுக்கு வயது முப்பது. பதினான்கு வருடம் அந்தத் தொழிலில் இருந்தவருக்குச் சிரித்த முகங்களைப் பற்றித் தெரியாமலா இருந்திருக்கும்?

அந்த நெப்டியூனை நடத்தியவர்கள்தான் கென்னி கேம்பிளும் லியோன் ஹஃபும். கேம்பிள் ஃபிலடெல்ஃபியாக்காரர். ஹஃப் ஆற்றுக்கு அந்தப் பக்கம், நியூஜெர்சியின் கேம்டன். நெப்டியூன் போனாலும் இருவரும் ஓயவில்லை. 1971இல் கொலம்பியா நிறுவனத்தோடு விநியோக ஒப்பந்தம் போட்டுக்கொண்டு ஃபிலடெல்ஃபியா இன்டர்நேஷனல் ரெக்கார்ட்ஸைத் தொடங்கினார்கள். தொடங்கிய கையோடு பழைய ஆட்களைக் கூப்பிட்டார்கள். தோற்றுப்போன நிறுவனத்தின் பாடகர்களை மறக்காமல் அழைத்தது எனக்குப் பெரிய விஷயமாகத் தெரிகிறது. குழி பறிக்கும் உலகத்தைப் பற்றிய ஆல்பம் இப்படி ஒரு விசுவாசத்தில்தான் பிறந்திருக்கிறது.

ஓஜேஸ் பாடகர்கள் மட்டும்தான். வாத்தியம் அத்தனையும் ஸ்டுடியோவின் சொந்த இசைக்குழு. அதற்கு எம்எஃப்எஸ்பி என்று பெயர், அம்மா அப்பா அக்கா அண்ணன் என்பதன் ஆங்கில முதலெழுத்துகள். ட்ரம்ஸில் எர்ல் யங், பேஸில் ரானி பேக்கர், கிதாரில் நார்மன் ஹாரிஸ். வைப்ராஃபோனில் வின்ஸ் மொண்டானா; அவர் உலோகப் பட்டைகளைத் தட்டும்போது பாட்டின் மேல் பனித்துளி விழுவதுபோல இருக்கும். வயலின் கூட்டத்துக்குப் பொறுப்பு டான் ரெனால்டோ. ஒலிப்பதிவு ஜோ டார்சியா. கறுப்பினத்தவரும் இத்தாலிய வம்சாவளி வெள்ளையரும் ஒரே அறையில் உட்கார்ந்து வாசித்தார்கள். வெளியே அதே நகரத்தில் முந்தைய போலீஸ் கமிஷனர் ஃபிராங்க் ரிஸ்ஸோ 1972 ஜனவரியில் மேயராகப் பதவி ஏற்றிருந்தார். கறுப்பின மக்கள்மீது அவருடைய போலீஸ் காட்டிய கடுமையை அந்த நகரம் இன்னும் மறக்கவில்லை. அந்த வருடத்து ஃபிலடெல்ஃபியாவில் அந்த அறை எவ்வளவு அபூர்வமான இடம் என்று நினைத்துப் பார்க்கிறேன்.

அறை இருந்தது வடக்கு 12ஆம் தெருவில், 212ஆம் எண். சிக்மா சவுண்ட் ஸ்டுடியோ. நான் அந்த ஊரில் இருந்தபோது சனிக்கிழமைகளில் ரீடிங் டெர்மினல் மார்க்கெட்டுக்குக் காய்கறி வாங்கப் போவேன். அங்கிருந்து வடக்கே கொஞ்சம் நடந்தால் அந்தக் கட்டடம். சைனா டவுனின் ஓரத்தில், பார்த்தால் ஒன்றுமே தோன்றாத செங்கல் கட்டடம். அங்கே பாட்டு நின்றுபோய் வெகுகாலம். உள்ளே பதிவான ஆயிரக்கணக்கான நாடாக்கள் ட்ரெக்சல் பல்கலைக்கழகத்தில் பத்திரமாக இருக்கின்றன. காய்கறிப் பையோடு எதிர்ப்பக்க நடைபாதையில் நின்று கட்டடத்தைப் பார்த்திருக்கிறேன். அப்போது ஒன்று உறைத்தது. நான் காய் வாங்கும் மார்க்கெட் பெயரிலேயே டெர்மினல் இருக்கிறது. அது ஒரு ரயில் நிலையம். 1984 வரை அதன் மேல்தளத்துக்கு ரயில்கள் வந்துபோய்க்கொண்டிருந்தன. 'லவ் ட்ரெயின்' பதிவானபோது இரண்டு மூன்று தெரு தள்ளி நிஜ ரயில்கள் ஓடிக்கொண்டிருந்தன.

ஆனால் அப்போதும் நான் அந்தப் பாட்டை ஒழுங்காகக் கேட்டிருக்கவில்லை. முள்ளை எடுத்து முதல் பக்கத்தில் இரண்டாவது பாட்டில் வைப்பேன். முடிந்ததும் எழுந்து போய் மறுபடி வைப்பேன். பல மாதம் இப்படி. தட்டைத் திருப்பவே இல்லை. 'லவ் ட்ரெயின்' எனக்குப் புதிதும் இல்லை. சூப்பர் மார்க்கெட்டில் ஒலிக்கும், ஒரு பியர் விளம்பரத்தில் வந்திருக்கிறது, கல்யாண வீடுகளில் எல்லோரும் வரிசையாகத் தோளைப் பிடித்துக்கொண்டு ஆடுவார்கள். சரி, சந்தோஷப் பாட்டு, நமக்கு எதற்கு என்று விட்டுவிட்டேன்.

ஒரு பனிப்புயல் நாளில் அலுவலகம் இல்லை. காய்ச்சலாகவும் இருந்தது. தட்டை முதலிலிருந்து ஓடவிட்டுவிட்டுப் படுத்துக்கொண்டேன். முள்ளைத் தூக்கி வைக்க எழுந்திருக்கத் தெம்பில்லை. அப்படித்தான் ஆல்பத்தை முதல்முறை வரிசையாகக் கேட்டேன்.

முதல் பாட்டு 'வென் த வேர்ல்ட்ஸ் அட் பீஸ்'. ஐந்து நிமிடத்துக்கு மேல் நீளும் கனமான தாளம். உலகத்தில் அமைதி வரும் நாளில் உலகம் உடையாமல் முழுசாக இருக்குமா என்று கேட்கிறது. ஆங்கிலத்தில் அமைதிக்கும் துண்டுக்கும் ஒரே உச்சரிப்பு என்பதால் கேள்வி இன்னும் கூர்மை. வியட்நாம் போர் நடந்துகொண்டிருந்த வருடம். இந்தக் கேள்விக்குப் பதில் வருவதற்குள் 'பேக் ஸ்டாபர்ஸ்' வந்துவிடுகிறது. உலகத்தைப் பற்றிக் கேட்டவர்கள் சடாரென்று தங்கள் வீட்டு வாசலுக்கு வந்துவிடுகிறார்கள். அடுத்து 'ஹூ ஆம் ஐ'. அவள் போன பிறகு நான் யார் என்று மெதுவாகக் குமுறும் பாட்டு. முதல் பக்கம் இப்படியே கொஞ்சம் கனத்துக்கொண்டும் கொஞ்சம் ஆட்டம் போட்டுக்கொண்டும் முடிகிறது.

காய்ச்சலோடு எழுந்து தட்டைத் திருப்பினேன். இரண்டாம் பக்கத்தின் முதல் பாட்டு '992 ஆர்க்யுமென்ட்ஸ்'. தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றிரண்டு சண்டை. எண்ணி வைத்திருக்கிறான் பாருங்கள். கணவன் மனைவி சண்டையை இவ்வளவு கச்சிதமாகச் சொன்ன தலைப்பை நான் வேறெங்கும் பார்த்ததில்லை. பாட்டின் பின்பாதியில் வார்த்தை தீர்ந்துபோய் இசைக்குழு மட்டும் ஓடுகிறது. எர்ல் யங்கின் கையைக் கேட்க அந்த நிமிடங்கள் போதும். அதற்கு அப்புறம் ஒரு பாட்டு கடிகாரத்தைப் பற்றி. அது எனக்கு ஒட்டவில்லை, இன்றைக்கும் ஒட்டவில்லை.

பிறகு 'ஷிஃப்ட்லெஸ், ஷேடி, ஜெலஸ் கைண்ட் ஆஃப் பீப்பிள்'. சோம்பேறிகள், சந்தேகத்துக்குரியவர்கள், பொறாமை பிடித்தவர்கள். அதே துரோகிகள் மறுபடி வந்துவிட்டார்கள். முதல் பக்கத்தில் சொல்லி ஆறவில்லை, இரண்டாம் பக்கத்திலும் வந்து புலம்புகிறார்கள். படுத்தபடி இதைக் கேட்டபோது எனக்குப் பெரிய ஆறுதலாக இருந்தது. ஒருதடவை சொல்லித் தீர்த்துவிடக்கூடிய விஷயமா அது? எனக்கும் அப்படித்தானே, ஒவ்வொரு இரவும் முதலிலிருந்து தொடங்கியது.

அதன் பிறகு 'சன்ஷைன்' என்று ஒரு மெதுவான காதல் பாட்டு, ஜன்னல் திறந்த மாதிரி. அது முடிந்து ஒரு மூச்சு இடைவெளி. அப்புறம் ட்ரம்ஸ் தட்டித் திறந்துவிட, 'லவ் ட்ரெயின்'.

விளம்பரத்தில் கேட்ட பாட்டுதான். ஒரு சுரம்கூட மாறவில்லை. ஆனால் ஒன்பது பாட்டைக் கடந்து வந்து கேட்கும்போது அதைப் பாடுவது யார் என்று தெரிகிறது. உலகம் உடைந்துவிடுமோ என்று பயந்தவர்கள், வீட்டுக்கு வந்த நண்பனின் கையில் கத்தியைப் பார்த்தவர்கள், 992 சண்டையை எண்ணியவர்கள், பொறாமைக்காரர்களைப் பற்றி இரண்டு முறை புலம்பியவர்கள். அவர்கள்தான் இப்போது எல்லோரும் ஏறுங்கள் என்கிறார்கள். உலகம் தெரியாதவன் சொல்லும் வார்த்தையாக இருந்தால் நான் நம்பியிருக்க மாட்டேன். இவர்களுக்கு எல்லாம் தெரியும். தெரிந்தும் கூப்பிடுகிறார்கள். இந்த ஆல்பத்தின் உயிர் எனக்கு அங்கேதான் இருக்கிறது. தனியாக எடுத்துக் கேட்டால் அது நல்ல பாட்டு, அவ்வளவுதான். அந்தப் பத்தாவது இடத்தில் கேட்டால் உடம்பு சிலிர்க்கிறது.

ரயில் நிற்கும் இடங்களைப் பாருங்கள். அடுத்த நிறுத்தம் இங்கிலாந்து. ரஷ்யாவில் இருப்பவர்களுக்கும் சீனாவில் இருப்பவர்களுக்கும் சொல்லுங்கள் என்கிறார்கள். 1972 பிப்ரவரியில் அமெரிக்க அதிபர் நிக்ஸன் சீனாவுக்குப் போனார், மே மாதம் மாஸ்கோவுக்குப் போனார். பெரிய மனிதர்கள் ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்த அதே வருடத்தில், கேன்டன் உருக்காலை ஊர்ப் பையன்கள் அந்த ஊர்ச் சனங்களை நேராகவே அழைத்துவிட்டார்கள். ஆப்பிரிக்கச் சகோதரர்களைக் கூப்பிடுகிறார்கள். எகிப்தையும் இஸ்ரேலையும் ஒரே மூச்சில் கூப்பிடுகிறார்கள். அடுத்த வருடம் அக்டோபரில் அந்த இரண்டு நாடுகளும் போருக்குப் போயின. 1973 ஜனவரி 27ஆம் தேதி பாரிஸில் வியட்நாம் அமைதி ஒப்பந்தம் கையெழுத்தானது. மார்ச்சில் 'லவ் ட்ரெயின்' அமெரிக்கப் பட்டியலில் முதலிடம் பிடித்தது.

கறுப்பின அமெரிக்கர்களின் பாட்டில் ரயில் சும்மா வருவதில்லை. அடிமைகளைத் தப்பவைத்த ரகசிய வலைப்பின்னலுக்கே நிலத்தடி ரயில் பாதை என்றுதான் பெயர். தேவாலயப் பாட்டில் ரயில் சொர்க்கத்துக்குப் போகிறது. தெற்கிலிருந்து வடக்கே போன குடும்பங்களில் எத்தனையோ பேர் ரயிலில்தான் போனார்கள், கோழிக்கறியைக் காகிதத்தில் கட்டிக்கொண்டு. அவர்களுக்கென்று ஒதுக்கிய தனிப் பெட்டிகளில் உட்கார்ந்து. அந்தப் பெட்டிகளில் போனவர்களின் பிள்ளைகள் ஒரு ரயில் விடும்போது அதில் தனிப் பெட்டியே கிடையாது. யாருடைய டிக்கெட்டையும் யாரும் கேட்பதில்லை. ஏறாமல் விட்டால் உனக்காக வருத்தப்படுவேன் என்று மட்டும் சொல்கிறார்கள்.

அப்படியானால் முதல் பக்கத்தில் கத்தி வைத்திருந்தவர்கள்? பாட்டில் அவர்களை இறக்கிவிடும் வரி எதுவும் இல்லை. நான் பலமுறை தேடிப் பார்த்துவிட்டேன். உலகம் முழுக்க என்றால் அவர்களும்தான். என் நண்பனும்தான். அன்றைக்கு இதை நினைத்தபோது கோபம்தான் வந்தது, மறைக்க விரும்பவில்லை. முள்ளைத் தூக்கி நிறுத்திவிட்டேன். இரண்டு நாள் கழித்து மறுபடி முதல் பாட்டிலிருந்து போட்டேன்.

ஓஜேஸ் 1973இலேயே, அடிமைக் கப்பல்களைப் பற்றிய தலைப்புப் பாட்டோடு 'ஷிப் அஹாய்' என்ற ஆல்பத்தைத் தந்தார்கள். இன்னும் பல வெற்றிகள் வந்தன. வில்லியம் பவல் 1977இல் புற்றுநோயில் இறந்தார், 35 வயதுதான். லெவர்டும் வில்லியம்ஸும் எண்பது வயதை ஒட்டியும் மேடை ஏறினார்கள். ப்ராட் தெருவில் கேம்பிளும் ஹஃபும் இருந்த அலுவலகக் கட்டடத்தில் 2010இல் யாரோ தீ வைத்தார்கள். நான் பார்த்தபோது அது அடைத்துக் கிடந்தது. 2015இல் இடித்தே விட்டார்கள்.

தட்டு இப்போது என்னோடு ஊரில் இருக்கிறது. உப்பிய அட்டைக்கு மேல் ஒரு பிளாஸ்டிக் உறை போட்டிருக்கிறேன். மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமையாவது இரண்டு பக்கமும் கேட்பேன், நடுவில் எதையும் தாண்டுவதில்லை. 'லவ் ட்ரெயின்' மூன்று நிமிடம்கூடக் கிடையாது. கடைசியில் பாட்டு முடிவதில்லை, மெல்லத் தேய்ந்து மறைகிறது. கோரஸ் பின்னால் போய்க்கொண்டே இருக்க, லெவர்ட் மட்டும் ஓயாமல் கத்திக்கொண்டிருக்கிறார், வாங்க, வாங்க என்று. முன்பு வைத்திருந்தவர் தேய்த்துவிட்ட இடம் அது, கரகரவென்று சத்தம் வேறு. அவர் குரல் அதற்குள் முழுகப்போகும் நேரத்தில் நான் எழுந்து போய் ஒலியைக் கூட்டுவேன். இன்னும் ஒரு வார்த்தை கேட்கும். இன்னும் கொஞ்சம் கூட்டுவேன்.